அரக்கோணத்தில் கடல் இல்லை, கடற்படை இருக்கிறது

சென்ற வாரம் இரவு ஒன்பது மணிக்கு ஒரு தந்தை தொலைபேசியில் அழைத்தார். மகள் இன்ஜினீயரிங் முடித்தவள். பள்ளி நாளிலிருந்தே விமானம் ஓட்ட ஆசை. "கடற்படையில் பைலட் ஆக வேண்டும் என்கிறாள் சார். ஒரு பயிற்சி மையத்தில் விசாரித்தோம். கடற்படை தனியாக பைலட் எடுப்பதில்லை, விமானப்படையில் சேர்ந்தால் அங்கிருந்து அனுப்பி வைப்பார்கள் என்றார்கள். அதனால் விமானப்படையின் எழுத்துத் தேர்வையே இரண்டு தடவை எழுதினாள்."

பிறந்த தேதியைக் கேட்டேன். சொன்னார். கடற்படையின் நடப்பு அறிவிப்பை எடுத்துப் பார்த்தேன். வயது வரம்பைத் தாண்டி ஏழு வாரம் ஆகியிருந்தது.

இந்த ஆண்டில் மட்டும் இது மூன்றாவது. இருபது ஆண்டுகளுக்கு மேல் கடற்படை விமானங்களின் வயிற்றுக்கு அடியில் படுத்து ஸ்பேனர் பிடித்தவன் நான். ஓய்வுக்குப் பிறகு பள்ளி, கல்லூரிகளுக்குப் போய் இதைத்தான் சொல்லிக்கொண்டிருக்கிறேன். தொண்டை வறண்டதுதான் மிச்சம். அதனால் இந்த முறை எழுதிவிடுகிறேன்.

கடற்படைக்குச் சொந்த விமானங்கள் உண்டு. விமானப்படையிடம் இரவல் வாங்கியவை அல்ல. அவற்றை ஓட்டுபவர்கள் கடற்படை அதிகாரிகள். பழுது பார்ப்பவர்கள், எரிபொருள் நிரப்புபவர்கள், கோபுரத்தில் உட்கார்ந்து இறங்க அனுமதி கொடுப்பவர்கள் எல்லாரும் கடற்படையினர். பதவிப் பெயரைக் கேட்டாலே தெரிந்துவிடும். விமானப்படையில் ஸ்குவாட்ரன் லீடர் என்றால், அதற்கு நிகரான கடற்படை விமானி லெப்டினன்ட் கமாண்டர். விமானந்தாங்கிக் கப்பலிலிருந்து எழும்பும் மிக்-29கே போர் விமானத்தில் இருப்பவர் விமானப்படையிலிருந்து வந்த விருந்தாளி என்று நினைக்காதீர்கள்.

"ஆனால் சார், கடற்படைப் பயிற்சி மாணவர்கள் விமானப்படை அகாதெமிக்குப் போகிறார்களே" என்று கல்லூரியில் ஒரு பையன் மடக்கினான். போகிறார்கள். கேரளத்தின் எழிமலை கடற்படை அகாதெமியில் பயிற்சி முடித்தபின், அடிப்படைப் பறத்தல் பாடத்தின் ஒரு பகுதியை விமானப்படையின் பயிற்சித் தளத்தில் கற்கிறார்கள். வாடகை வீட்டில் உட்கார்ந்து படித்தால் வீட்டுக்காரர் பிள்ளை ஆகிவிடுவோமா? பிறகு டோர்னியர் விமானம் ஓட்டக் கொச்சிக்கும், ஹெலிகாப்டர் ஓட்ட அரக்கோணத்துக்கும் கடற்படையின் சொந்தப் பள்ளிகளுக்கே வருகிறார்கள்.

இந்தக் குழப்பத்துக்கு ஒரு பழைய காரணமும் உண்டு. பெரியவர்களை முழுக்கக் குறை சொல்ல மாட்டேன். கரையிலிருந்து கிளம்பி நடுக்கடல் வரை போய் வேவு பார்க்கும் பெரிய விமானங்கள் 1976 வரை உண்மையிலேயே விமானப்படையிடம்தான் இருந்தன. ஏர் இந்தியா ஒரு காலத்தில் பயணிகளை ஏற்றிச் சென்ற சூப்பர் கான்ஸ்டலேஷன் விமானங்கள் அவை. கடல் மேல் பறக்கும் வேலை யாருடையது என்று இரண்டு படைகளுக்கும் நடுவே நீண்ட நாள் இழுபறி. கடைசியில் 1976-இல் அந்தப் பொறுப்பு கடற்படைக்கு வந்தது. அதே ஆண்டு நவம்பரில் கோவாவில் 312 என்ற எண்ணோடு ஒரு ஸ்குவாட்ரன், அதாவது விமானப் பிரிவு, தொடங்கியது. அந்த ஸ்குவாட்ரனைப் பற்றிப் பின்னால் சொல்கிறேன். அது நம் ஊருக்கு வந்து சேர்ந்தது.

ஆனால் கடற்படையின் பறத்தல் 1976-இல் தொடங்கவில்லை. 1948-லேயே தில்லி தலைமையகத்தில் கடற்படை வானூர்தி இயக்ககம் உருவாகிவிட்டது. 1953-இல் நீரிலும் நிலத்திலும் இறங்கக்கூடிய சீலேண்ட் விமானங்கள் கொச்சிக்கு வந்தன. அந்த ஆண்டு மே 11 அன்று கொச்சியில் ஐ.என்.எஸ். கருடா தொடங்கப்பட்டது. முதல் விமானந்தாங்கிக் கப்பலான விக்ராந்த் 1961 மார்ச்சில் பெல்ஃபாஸ்ட்டில் நம் கொடியை ஏற்றியது. அதே ஆண்டு மே மாதம் அதன் தளத்தில் சீ ஹாக் ஜெட் விமானத்தை முதலில் இறக்கிய இந்தியர் லெப்டினன்ட் தஹிலியானி. பின்னாளில் கடற்படைத் தளபதியானவர். விமானியாக இருந்து அந்த நாற்காலிக்கு வந்த முதல் ஆள் அவர்தான். 1971 டிசம்பரில் விக்ராந்திலிருந்து கிளம்பிய சீ ஹாக்குகளும் அலிசே விமானங்களும் காக்ஸ் பஜாரையும் சிட்டகாங்கையும் தாக்கின. இந்தப் படைக்குத் தனியாக விமானி கிடையாது என்று ஒருவர் பணம் வாங்கிக்கொண்டு பாடம் நடத்துகிறார்.

கோயம்புத்தூர்க்காரர்கள் கவனிக்கவும். இன்று கோவாவின் டபோலிமில் இருக்கும் ஐ.என்.எஸ். ஹன்சா 1961 செப்டம்பரில் தொடங்கப்பட்ட இடம் உங்கள் சூலூர். கோவா விடுதலைக்குப் பிறகு, 1964-இல்தான் அது இடம் மாறியது. சூலூர் என்றால் இப்போது விமானப்படைத் தளம் மட்டுமே நினைவுக்கு வருவதில் வியப்பில்லை. டபோலிம் ஓடுபாதையில் பயணிகள் விமானத்தில் வந்து இறங்கியவர்கள் கடற்படையின் நிலத்தில்தான் இறங்கினீர்கள். ஜன்னல் வழியே செல்பேசியில் படம் எடுக்காதீர்கள் என்று பணிப்பெண் கெஞ்சுவது அதனால்தான். கொஞ்சம் கேளுங்கள்.

இனி என்னை அதிகம் சோதிக்கும் கேள்வி. "ஐ.என்.எஸ். ராஜாளி என்பது எந்தக் கப்பல் சார்? அரக்கோணத்தில் எங்கே நிற்கிறது?" இதைக் கேட்டவர் ஒரு பள்ளித் தலைமை ஆசிரியர்.

ஐ.என்.எஸ். என்ற முன்னொட்டு கப்பலுக்கு மட்டும் உரியதல்ல. கடற்படையின் கரைத் தளங்களும் அதைத் தாங்குகின்றன. திருநெல்வேலிப் பக்கம் விஜயநாராயணத்தில் ஐ.என்.எஸ். கட்டபொம்மன் இருக்கிறது. கோயம்புத்தூரில் ஐ.என்.எஸ். அக்ரணி இருக்கிறது. அங்கெல்லாம் நங்கூரம் தேடிப் போகாதீர்கள். உள்ளே இருப்பவர்களுக்கு அது கப்பலேதான். தரை என்று சொல்ல மாட்டோம், டெக் என்போம். சமையலறைக்குப் பெயர் 'கேலி' (galley). வாயிலைத் தாண்டி அரக்கோணம் கடைத்தெருவுக்குப் போவதற்குப் பெயர் 'ஷோர்' போவது. என் மனைவி முதன்முதலில் இதைக் கேட்டபோது என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தாள்.

விமானத் தளங்களுக்குப் பெரும்பாலும் பறவைப் பெயர் வைப்பது வழக்கம். கருடா, ஹன்சா, மும்பையில் ஷிக்ரா, போர்ட் பிளேரில் உத்க்ரோஷ். தமிழ்நாட்டில் இரண்டு: அரக்கோணத்தில் ராஜாளி, ராமநாதபுரம் உச்சிப்புளியில் பருந்து. பெயர்ப்பலகையைப் பார்த்தும் இவை விமானத் தளங்கள் என்று தோன்றவில்லை என்றால் நான் என்ன செய்ய.

ராஜாளி 1992-இல் தொடங்கப்பட்டது. ஓடுபாதை நான்கு கிலோமீட்டருக்கு மேல். நான் சொன்ன 312 ஸ்குவாட்ரன் கோவாவிலிருந்து இங்கே வந்தது டியூ-142 என்ற கடல் வேவு விமானங்களோடு. நான்கு எஞ்சின், ஒவ்வொன்றிலும் எதிரெதிர்த் திசையில் சுழலும் இரட்டை விசிறி. அந்தச் சத்தத்தைச் சுற்றுக் கிராமத்துப் பெரியவர்களிடம் கேளுங்கள், வாயாலேயே எழுப்பிக் காட்டுவார்கள். 2017 மார்ச்சில் அவை ஓய்வு பெற்றன. ஒன்று விசாகப்பட்டினம் கடற்கரையில் அருங்காட்சியகமாக நிற்கிறது. 2013-இலிருந்து வந்த பி-8ஐ விமானங்கள்தான் இப்போது அதே எண்ணோடு நீர்மூழ்கிகளைத் தேடுகின்றன.

ஒவ்வொரு நாளும் பறத்தல் தொடங்கும் முன் வரிசையாக நின்று குனிந்தபடி நடப்போம். கல், கம்பித்துண்டு, உடைந்த வாஷர், எது கண்ணில் பட்டாலும் பைக்குள். எஞ்சின் உறிஞ்சிவிட்டால் கதை முடிந்தது. கருவிப் பலகையில் ஒவ்வொரு ஸ்பேனரின் உருவமும் வண்ணத்தில் வரையப்பட்டிருக்கும். எடுக்கும்போது அந்த இடத்தில் உங்கள் எண் பொறித்த வில்லையை மாட்ட வேண்டும். ஒருநாள் மாலை ஒரு சிறிய திருப்புளியின் இடம் காலியாக இருந்தது. கிளம்பவிருந்த விமானம் நின்றது. இரவு பதினொன்றரை மணிக்கு ஒரு பையனின் மேலங்கி மடிப்பிலிருந்து அது விழுந்தது. யாரும் திட்டவில்லை. திட்டும் தெம்பு யாருக்கும் இல்லை. கடலுக்கு மேல் தாழப் பறந்து வந்த விமானத்தை நல்ல நீரில் கழுவாமல் விட்டால் உப்பு தன் வேலையைத் தொடங்கிவிடும் என்பதை இங்கே விளக்கத் தேவையில்லை. கடலோரத்தில் சைக்கிள் வைத்திருந்தவர்களுக்குத் தெரியும்.

அமைப்பைச் சுருக்கமாகச் சொல்கிறேன். கொள்கை தில்லியில். வானூர்திப் பிரிவுக்கான கொடி அதிகாரி, ரியர் அட்மிரல், கோவாவில். தளங்கள் அந்தந்த வட்டாரக் கட்டளையகத்தின் கீழ், ராஜாளிக்கு விசாகப்பட்டினம். ஸ்குவாட்ரன் எண் 300-களில் இருந்தால் களத்துக்கு, 500-களில் இருந்தால் பயிற்சிக்கு. இவை தவிர, போர்க்கப்பலோடு சேர்ந்தே பயணம் செய்யும் ஹெலிகாப்டரும் அதன் சிறு குழுவும் உண்டு. கப்பலில் போகிறவனுக்கு விமான வேலை இல்லை என்று யாராவது சொன்னால், அந்தக் குழுவில் மாதக்கணக்கில் வாந்தி எடுத்த என்னிடம் அனுப்புங்கள்.

இனி, சேர விரும்புபவர்களுக்கும் பெற்றோருக்கும்.

கடற்படையின் ஆள்சேர்ப்பு இணையதளம் ஒன்றுதான் உங்கள் குரு. அறிவிப்பைத் தரகர் வாயால் கேட்காதீர்கள். முழுதாக நீங்களே படியுங்கள். பிறந்த தேதி வரம்பை முதலில் பாருங்கள். இன்ஜினீயரிங் படித்தவர்களுக்கான குறுகியகால பைலட் சேர்க்கையில் எழுத்துத் தேர்வு கிடையாது. மதிப்பெண்ணை வைத்து எஸ்.எஸ்.பி. (படை அதிகாரிகளைத் தேர்ந்தெடுக்கும் வாரியம்) நேர்காணலுக்கு அழைக்கிறார்கள். எழுத்துத் தேர்வுக்குத் தயார் செய்கிறேன் என்று யாராவது கட்டணம் கேட்டால் எழுந்து வந்துவிடுங்கள். 'உள்ளே ஆள் இருக்கிறது' என்று பணம் கேட்பவரை நேராகக் காவல் நிலையத்தில் சொல்லுங்கள்.

இதை மட்டும் கெஞ்சிக் கேட்கிறேன். விமானிக்கான திறனறித் தேர்வு வாழ்நாளில் ஒரே தடவை. விமானப்படைக்காக எழுதித் தவறினாலும் கடற்படை பைலட் கதவு சேர்ந்தே மூடிவிடும். 'சும்மா பழகிப் பார்க்க' அதில் உட்காராதீர்கள். தவறிவிட்டால் முடிந்தது என்று அழவும் வேண்டாம். விமானத்தின் ரேடார், சோனார், ஆயுதங்களை இயக்கி வேட்டையை நடத்தும் வான்நடவடிக்கை அதிகாரி என்ற பிரிவு இருக்கிறது; முன்பு அப்சர்வர் என்போம். அதற்கு அந்தத் தேர்வு வேண்டாம். பெண்களுக்கு இல்லை என்ற புரளியும் வேண்டாம். 2019 டிசம்பரில் சப் லெப்டினன்ட் சிவாங்கி கடற்படையின் முதல் பெண் விமானி ஆகிவிட்டார்.

அந்தத் தந்தையிடம் இதையெல்லாம் சொல்லவில்லை. சொல்லி என்ன பயன். அவர்தான் கொஞ்ச நேரம் சும்மா இருந்துவிட்டு, "தம்பி ஒருவன் இருக்கிறான் சார், பன்னிரண்டாம் வகுப்பு" என்றார். கணிதமும் இயற்பியலும் படிக்கிறானா என்று கேட்டேன். படிக்கிறான். ஞாயிற்றுக்கிழமை காலை மதிப்பெண் பட்டியலோடு வரச் சொல்லியிருக்கிறேன். அக்காவையும் அழைத்து வரச் சொன்னேன். அவளுக்கு வயது வரம்பு தாண்டாத வேறு சேர்க்கை ஏதாவது இருக்கிறதா என்று அறிவிப்புகளை வரி வரியாகப் பார்க்க வேண்டும்.