தொகுப்பாளினி எதைத் தொகுத்தார்?

குழந்தைகளுக்கான தொலைக்காட்சியின் தொடக்க காலத்தைப் பற்றி அண்மையில் படித்த தமிழாக்கம் ஒன்றில், ‘மிஸ் பிரான்சிஸ்’ என்று அமெரிக்கச் சிறுவர் அறிந்திருந்த பிரான்சிஸ் ஹார்விச் ‘முன்னோடித் தொகுப்பாளினி’ ஆகியிருந்தார். எத்தனையோ இடங்களில் பொறுத்துக்கொண்ட சொல்தான். இவர்மேல் அதைச் சுமத்தியபோது பொறுக்க முடியவில்லை.

மூலச்சொல் ‘ஹோஸ்ட்’. இலத்தீனின் ‘ஹாஸ்பெஸ்’ பழைய பிரெஞ்சு வழியே ஆங்கிலத்துக்கு வந்தது; வந்தவர், வரவேற்றவர் இருவரையும் அது குறித்தது. நம் ‘விருந்து’ம் முதலில் புதுமையையும் புதிதாய் வந்தவரையும் குறித்ததே. ஆயினும் ‘விருந்தோம்புநர்’ இன்று இலையையும் சோற்றையுமே நினைவூட்டும் என்பதால் அது இங்கு உதவாது.

‘தொகுப்பாளர்’ என்பதோ ‘தொகுத்து வழங்குபவர்’ என்னும் தொடரின் குறுக்கமாகவே தோன்றுகிறது. குறுக்கியவர்கள் ‘தொகுத்து’ என்ற வினையெச்சத்தை வைத்துக்கொண்டு, ‘வழங்கு’ என்ற வினையைக் கைவிட்டுவிட்டார்கள். தொகுத்தல் தமிழில் தெளிவான பொருளுடைய தொழில்: குறுந்தொகையைத் தொகுத்தவர் பூரிக்கோ, ஐங்குறுநூற்றைத் தொகுத்தவர் புலத்துறை முற்றிய கூடலூர் கிழார். பாட்டும் பேச்சும் நகைச்சுவையுமாகப் பல துண்டுகள் கோத்த நிகழ்ச்சிக்காவது இச்சொல்லுக்கு ஒரு சாக்கு உண்டு. மிஸ் பிரான்சிஸிடம் அதுவும் இல்லை. சிகாகோவில் 1952இல் தொடங்கி 1956வரை என்.பி.சி. ஒளிபரப்பிய ‘டிங் டாங் ஸ்கூல்’ நிகழ்ச்சியில், கல்வித்துறைப் பேராசிரியரான அவர் கைமணியை அடித்துவிட்டு, ஒளிப்படக்கருவியையே ஒரு குழந்தையாகப் பாவித்துப் பேசுவார். கேள்வி கேட்டுவிட்டு, வீட்டிலிருக்கும் குழந்தை விடை சொல்வதற்கென்று சற்றே நிறுத்துவார். இறுதியில் அம்மாவை அழைத்துவரச் சொல்லி, அவரிடமும் சில சொற்கள் பேசுவார். இதில் எதை எதனோடு தொகுத்தார் என்பதை மொழிபெயர்ப்பாளர்தான் சொல்லவேண்டும்.

‘இனி’ விகுதி வேறு. ‘ஆளர்’ இருபாலுக்கும் பொதுவாக இருக்க, எழுத்தாளரை ‘எழுத்தாளினி’ என்றும் பேச்சாளரைப் ‘பேச்சாளினி’ என்றும் அழைக்காத நாம், திரையில் தோன்றும் பெண்ணுக்கு மட்டும் இந்த ஒட்டைப் போடுவதற்கு இலக்கணம் காரணமன்று. பெண் அங்கே அலங்காரம் என்ற எண்ணமே காரணம். முனைவர் பட்டம் பெற்ற ஓர் ஆசிரியரையும் அந்த வரிசையில் நிறுத்துவது எனக்கு உறுத்துகிறது.

‘நடத்துநர்’ என்றால் பேருந்தில் ஏறிவிடுவார். ‘நெறியாளர்’ விவாத அரங்குக்கு உரியவர். ஆகவே கைவிடப்பட்ட வினையையே மீட்டு ‘நிகழ்ச்சி வழங்குநர்’ என்பதே நேர். பொருளுதவி செய்யும் நிறுவனமும் ‘வழங்கும்’ என்று போட்டுக்கொள்கிறதே என்பார்கள். பணம் தருபவருக்கு ‘ஆதரவாளர்’ என்ற சொல் இருக்கும்போது, அவருக்காக இவர் இடத்தை விட்டுக்கொடுக்க வேண்டியதில்லை.