சித்திரையில் கிரீச்சிடும் படி

திருவையாற்றுப் பக்கம் எங்கள் பழைய ஓட்டு வீட்டில், மச்சுக்கு ஏறும் மரப்படி ஐப்பசி அடைமழையில் மூச்சே விடாது. சித்திரை பிறந்தால் ஒவ்வொரு படியும் கிரீச்சிடும். மரம் சுருங்க, பலகைக்கும் பக்கச் சட்டத்துக்கும் நடுவே சந்து விழுகிறது. மிதிக்கும்போது இரண்டும் உரசுகின்றன.

அறுத்துப் பல்லாண்டு ஆன மரமும் காற்றின் ஈரத்தைக் குடித்துக்கொண்டும் விட்டுக்கொண்டும்தான் இருக்கும். பச்சை மரத்தில் நீர் இரண்டு இடத்தில் இருக்கிறது: செல்லின் உள்ளே, செல்லின் சுவரில். உள்ளே இருப்பது வற்றும்போது மரம் சுருங்குவதில்லை. ஈரப்பதம் சுமார் 30 சதவீதத்துக்குக் கீழே இறங்கி, சுவரில் ஊறிய நீர் போகத் தொடங்கியதும்தான் சுருக்கம். நீளவாக்கில் அது கணக்கில் வராது. ஆண்டு வளையத்தை ஒட்டிய திசையிலோ, நடுவிலிருந்து பட்டையை நோக்கிய திசையைப்போல ஏறக்குறைய இரு மடங்கு. வளையக் கோடுகள் பலகையில் படுத்துக் கிடந்தால், காயும்போது பட்டைப் பக்கம் தாம்பாளம் போலக் குழிவது இதனால்தான். வாங்கும்போது வெட்டு முனையைப் பாருங்கள். கோடுகள் செங்குத்தாக நிற்கும் பலகையை எடுங்கள். விலை கூடத்தான், படிக்குத் தகும்.

தேக்கு குறைவாகச் சுருங்கும் மரம். (கல்லணைக் கால்வாய்க் கரையில் நிற்கிறதே, அதே தேக்குதான். இளமரமானால் பட்டையை ஒட்டிய வெளிர்ப் பகுதியான வெளிறு அதிகம், கரையான் விடாது. நடுவில் முற்றிய வைரப் பகுதியாகப் பார்த்து வாங்குங்கள்.) அதிலும்கூட 28 செ.மீ. அகலப் பலகையின் ஈரப்பதம் 4 சதவீதம் மாறினால் அகலம் சுமார் 2 மி.மீ. மாறும். நான் முதலில் செய்த படியில் இரண்டு விளிம்பையும் ஸ்க்ரூ போட்டு இறுக்கினேன். பங்குனியிலேயே நடுவில் பிளந்தது. இப்போது முன்விளிம்பை மட்டும் இறுக்குகிறேன். பின்விளிம்புத் துளையை அகலவாக்கில் நீட்டி அறுத்துவிடுகிறேன், பலகை நகர்ந்துகொள்ளும்.

மரம் காய்ந்ததா என்று அறியச் சமையல் தராசு போதும். நடுப்பகுதியிலிருந்து ஒரு துண்டு நறுக்கி எடை பாருங்கள். 100 டிகிரிக்குச் சற்று மேல் ஓவனில், எடை இனிக் குறையாது என்னும்வரை வையுங்கள். 560 கிராம் 500 ஆனால், போன 60 கிராம் உலர்ந்த எடையில் 12 சதவீதம். அதுதான் ஈரப்பதம்.

தடிமனில் கஞ்சத்தனம் வேண்டாம். விறைப்பு தடிமனின் மும்மடிக்கு (தடிமன் × தடிமன் × தடிமன்) ஏற்பக் கூடும்: ஓரங்குலப் பலகையை ஒன்றரை ஆக்கினால், மிதிக்கையில் தொய்வது மூன்றில் ஒரு பங்குக்கும் குறையும்.

வார்னிஷை அடிப்பக்கமும் பூசுங்கள். யார் குனிந்து பார்க்கப்போகிறார்கள் என்று விட்டால், மழைக்காலத்தில் அந்தப் பக்கம் மட்டும் வேகமாக ஊறிப் பலகை வளையும். வெட்டு முனைகளுக்கு இன்னும் ஒரு கோட்டு கூடுதல். மரத்தின் நீர்க்குழாய்கள் அங்கேதான் வாய் திறந்திருக்கின்றன.