செடித் தொட்டியில் கரியமில வாயு: குமிழியை எண்ணாதீர்கள், மீனைப் பாருங்கள்

மீனோடு நீர்ச்செடிகளையும் வளர்க்கும் செடித் தொட்டிகளில், செடி வளர சிலிண்டரிலிருந்து கரியமில வாயுவைக் குமிழிகளாக விடுவார்கள். அப்படித் தொட்டி அமைத்துக் கொடுக்கும் வீடுகளில் தவறாமல் வரும் கேள்வி, "விநாடிக்கு எத்தனை குமிழி வைக்கலாம்?" என்பதுதான். ஓர் எண்ணைச் சொல்லிவிட எனக்கு மனம் வருவதில்லை. சிலிண்டரிலிருந்து எவ்வளவு வாயு கிளம்புகிறது என்பதை மட்டும்தான் குமிழி காட்டும். அதில் எவ்வளவு கரைகிறது என்பது தொட்டியின் அளவு, வாயுவைப் பொடிக் குமிழிகளாக நீரில் விடும் டிஃப்யூசர், நீர்ப்பரப்பின் அசைவு எல்லாவற்றையும் பொறுத்தது. நண்பர் தொட்டிக்குச் சரியாக இருந்த எண் உங்கள் மீன்களைக் கொன்றுவிடலாம்.

செடிகள் நன்றாக வளர, லிட்டருக்கு 20 முதல் 30 மில்லிகிராம் வரை கரைந்திருந்தால் போதும். இதைத் தெரிந்துகொள்ள எளிய வழி, தொட்டிக்குள் இருந்து நிறம் மாறிக் காட்டும் டிராப் செக்கர். அதற்குள் 4 டிகேஹெச் (கார்பனேட் கடினத்தன்மையின் அளவு) கரைசலைத்தான் ஊற்ற வேண்டும். தொட்டித் தண்ணீரையே ஊற்றிவிடுகிறார்கள். அப்புறம் அது காட்டும் நிறத்தை நம்ப முடியாது. நீலம் என்றால் குறைவு, பச்சை என்றால் ஏறக்குறைய 30, மஞ்சள் என்றால் ஆபத்து. நிறம் மாற ஒன்றிரண்டு மணி நேரம் ஆகும். அதனால் வால்வைக் கொஞ்சமாகத் திருப்பிவிட்டுப் பொறுமையாக இருங்கள்.

வாயு அதிகமானால், மீன் தன் ரத்தத்திலுள்ள கரியமில வாயுவைச் செவுள் வழியாக வெளியேற்ற முடியாது. ரத்தம் அமிலத்தன்மை அடைய, ஆக்சிஜனைப் பிடித்துக்கொள்ளும் திறனும் குறைகிறது. தண்ணீரில் ஆக்சிஜன் இருந்தும் மீன் மூச்சுக்குத் தவிப்பது இதனால்தான்.

நான் பார்த்த இழப்புகளில் பல, விளக்கு அணைந்த பிறகு நடந்தவை. இருட்டில் செடிகள் கரியமில வாயுவை எடுப்பதில்லை. சுவாசித்து வெளியிடத்தான் செய்கின்றன, ஆக்சிஜனையும் எடுத்துக்கொள்கின்றன. எனவே விளக்கு எரிவதற்கு ஒன்றிரண்டு மணி நேரம் முன்பு வாயுவைத் திறந்து, அணைவதற்கு ஒரு மணி நேரம் முன்பே மூட வேண்டும். டைமர் இருந்தால் போதும் என்று நினைத்துவிடுகிறோம். ஆனால் திருகி வைக்கும் பழைய வகை டைமர், கரண்ட் போனால் அப்படியே நின்றுவிடும். மூன்று மணி நேரம் மின்வெட்டு என்றால் அதுவும் மூன்று மணி நேரம் பின்தங்கும். விளக்கு வேறு டிஜிட்டல் டைமரில் இருந்தால், அது அணைந்து வெகுநேரம் ஆன பிறகும் வாயு ஓடிக்கொண்டே இருக்கும். வாயுவுக்கும் பேட்டரி உள்ள டிஜிட்டல் டைமர் வாங்குங்கள். இன்வெர்ட்டரில் இணைப்பதாக இருந்தால் ஃபில்டரை இணையுங்கள், வாயுவை மின்சாரத்தால் திறந்து மூடும் சோலினாய்டு வால்வை வேண்டாம். கரண்ட் போனதும் அது தானாகவே மூடிக்கொள்வது நல்லதுதான். சர்க்கரை, ஈஸ்ட் கலந்து பாட்டிலில் வாயு தயாரிப்பவர்களால் இரவில் அதை நிறுத்த முடியாது என்பதையும் யோசியுங்கள்.

கோடையில் இன்னும் கவனம் தேவை. 25 டிகிரியில் லிட்டருக்கு 8.3 மில்லிகிராம் வரை கரையும் ஆக்சிஜன், 32 டிகிரியில் 7.3 ஆகிவிடும். மீனுக்கோ அந்தச் சூட்டில் ஆக்சிஜன் கூடுதலாகத் தேவை. சென்னையில் ஏப்ரல், மே மாதங்களில் வாயுவைக் குறைத்து, நீர்ப்பரப்பு நன்றாக அசையும்படி ஃபில்டர் குழாயைத் திருப்பி வைக்கச் சொல்வேன். செடி கொஞ்சம் மெதுவாக வளரட்டும்.

சிலிண்டருக்குள் திரவம் இருக்கும் வரை அழுத்தம் பெரிதாக மாறாது. அழுத்தமானியின் முள் சட்டென்று இறங்கத் தொடங்கினால் திரவம் தீர்ந்துவிட்டது என்று அர்த்தம். சிலிண்டர் அழுத்தத்தை ஒரே படியில் குறைக்கும் ஒற்றை நிலை ரெகுலேட்டர்களில் அந்த நேரத்தில் வெளிவரும் அழுத்தம் ஏறி, மிச்ச வாயு மொத்தமாகத் தொட்டிக்குள் கொட்டிவிடலாம். கடைசிச் சொட்டு வரை பயன்படுத்தப் பார்க்காமல் உடனே மாற்றிவிடுங்கள். சிலிண்டரை எப்போதும் நிமிர்த்தியே வையுங்கள்.

மீன்கள் மேலே வந்து வாய் திறந்து தவித்தால், முதலில் வாயுவை மூடுங்கள். ஏர் பம்பை ஓட விடுங்கள். குளோரின் நீக்கிய, அதே சூட்டிலுள்ள தண்ணீரால் பாதி வரை மாற்றுங்கள். செவுள் நோய் என்று நினைத்து மருந்து ஊற்ற வேண்டாம். ஃபார்மலின் போன்றவை நீரிலுள்ள ஆக்சிஜனை இன்னும் குறைக்கும்.