ஜிம்மி ஷாண்டின் துருத்தி

மவுத் ஆர்கன் கையில் இருந்தால் ஒரு துளையில் ஊதிப் பாருங்கள். அதே துளையில் மூச்சை உள்ளே இழுத்தால் வேறு சுரம் கேட்கும். ஸ்காட்லாந்தின் கிராமிய நடன அரங்குகளைப் பல பத்தாண்டுகள் ஆட வைத்த ஜிம்மி ஷாண்டின் அக்கார்டியன் (துருத்தியைத் தள்ளியும் இழுத்தும் வாசிக்கும் கருவி) வாசிப்பை, இந்தச் சின்ன வித்தியாசத்திலிருந்தே புரிந்துகொள்ளத் தொடங்கலாம்.

1908-ல் ஃபைஃப் பகுதியில், ஈஸ்ட் வீம்ஸ் என்ற சுரங்க ஊரில் பிறந்தவர். அப்பா மெலோடியன் என்ற சிறிய பொத்தான் அக்கார்டியனை வாசிக்கும் சுரங்கத் தொழிலாளி. மகனும் 14 வயதில் நிலக்கரி வெட்டப் போனார். 1926 பொது வேலைநிறுத்தத்தோடு அந்த வாழ்க்கை முடிந்தது. அப்புறம் டண்டீ நகரில் ஓர் இசைக்கருவிக் கடையில் வேலை. 1933-ல் முதல் இசைத்தட்டு.

அவர் வாசித்த பொத்தான் அக்கார்டியனைத் திறந்தால், உள்ளே வரிசை வரிசையாக எஃகு நாக்குகள். ஒவ்வொன்றும் ஒரு தகட்டின் பிளவுமேல் ஒரு முனையில் மட்டும் பொருத்தப்பட்டிருக்கும். காற்று தள்ளும்போது நாக்கு பிளவுக்குள் வளைந்து வழியை அடைக்கும்; அதன் விறைப்பு அதைத் திருப்பி இழுக்க, வழி மறுபடி திறக்கும். இது நொடிக்கு 440 முறை நடந்தால், மேற்கத்திய இசையின் 'ஏ' சுரம். நம் ஆர்மோனியத்திலும் இதே வேலைதான். நாக்கின் நுனியைச் சுரண்டினால் எடை குறைந்து சுருதி ஏறும், அடியைச் சுரண்டினால் விறைப்பு குறைந்து இறங்கும்.

நாக்கு ஒரு திசைக் காற்றுக்குத்தான் பேசும். அதனால் தகட்டின் இரு பக்கமும் ஒவ்வொரு நாக்கு. பியானோ அக்கார்டியனில் இரண்டும் ஒரே சுரம். ஷாண்டின் கருவியில் வேறு வேறு: ஒரு வரிசையில் துருத்தியைத் தள்ளினால் ஸ, க, ப; இழுத்தால் ரி, ம, த, நி. விடுபட்ட சுரங்களுக்காக, அரைச் சுர இடைவெளியில், மேற்கத்தியப் பெயர்களில் பி, சி, சி ஷார்ப் என்ற சுரங்களை 'ஸ'வாகக் கொண்ட மூன்று வரிசைகள். கணக்குப் போட்டால், 12 சுரங்களில் தள்ளும்போது 9 கிடைக்கும், இழுக்கும்போது 11. 'ஜி' தள்ளினால் மட்டும், 'டி' இழுத்தால் மட்டும். மெட்டு 'ஜி'யிலிருந்து 'டி'க்குத் தாவினால் துருத்தி திரும்பியே ஆக வேண்டும். அப்படித் திரும்பும் கணத்தில் காற்று நின்று, புதிதாகப் பிறக்கும். சுரம் ஒரு வெட்டோடு எழும். ஆடுபவரின் பாதம் தரையை விட்டு எழுவது அந்த வெட்டில்தான் என்று எனக்குத் தோன்றுகிறது. இரு திசையிலும் கிடைக்கும் சுரங்களில் எங்கே திரும்புவது என்பது வாசிப்பவர் கையில். ஷாண்ட் அதில் அபாரமானவர்.

ஹோனர் நிறுவனம் அவர் பெயரிலேயே 'ஷாண்ட் மொரினோ' என்ற கருவியைச் செய்தது. அதில் இடக்கைச் சுரங்கள் இரு திசையிலும் மாறாது. வலக்கை எப்படித் துள்ளினாலும் தாளம் அடியில் உறுதியாக நிற்கும்.

அந்த உறுதி இல்லாமல் நடனம் நடக்காது. 32 தாள அளவுகள் கொண்ட ஒரு ரீலை (வேகமான நடன மெட்டு) 8 முறை வாசிக்க வேண்டும், மொத்தம் 256. வேகம் கொஞ்சம் கொஞ்சமாக ஏறினால், கடைசியில் ஆடும் ஜோடி ஓடத்தான் வேண்டியிருக்கும். ஷாண்டிடம் வேகம் நகராது, அலங்காரமும் அதிகம் கிடையாது.

1955-ல் அவருடைய 'ப்ளூபெல் போல்கா' பிரிட்டன் விற்பனைப் பட்டியலில் 20-ஆம் இடம் வந்தது. தயாரித்தவர், பின்னாளில் பீட்டில்ஸ் குழுவோடு பணிபுரிந்த ஜார்ஜ் மார்ட்டின். 1999-ல், 91 வயதில் சர் பட்டம். அடுத்த ஆண்டு டிசம்பரில் மறைந்தார். அவர் வாழ்ந்த ஆக்டர்மக்டி ஊரில் சிலை நிற்கிறது.

இன்றும் அந்த நடனக் குழுக்களில் அக்கார்டியன்தான் முன்னே. பிடில், பியானோ, டிரம் கூட வரும். முதலில் பல சுரங்கள் சேர்ந்த ஒரே ஒலி நீளும். ஜோடிகள் ஒருவருக்கொருவர் தலைதாழ்த்தி வணங்குவார்கள். அடுத்த கணம் துருத்தி திரும்பும்.