தழுவல் இருக்கத் தகவமைப்பு எதற்கு?

பழைய நாவல் ஒன்று பெருஞ்செலவில் படமானால் போதும், ஆங்கில 'adaptation'-ஐப் பெயர்க்கிறேன் என்று 'காட்சிரீதியாக ஆடம்பரமான தகவமைப்பு' என்கிற மாதிரித் தமிழ் கிளம்பிவிடுகிறது. பொன்னியின் செல்வன் வந்தபோதும் இதே கூத்துதான். 'கண்ணைப் பறிக்கும்' என்று எழுத இந்த மொழிபெயர்ப்பாளர்களுக்குக் கை வராது. அதையாவது பொறுக்கலாம், தகவமைப்பைப் பொறுக்க முடியவில்லை.

வேண்டிய சொல் தழுவல். தழுவு என்றால் அணை. அதிலிருந்து உடன்கொள், பின்பற்று. 'உலகம் தழீஇயது ஒட்பம்', அதாவது உலகத்தைத் தழுவிக்கொள்வதே அறிவு, என்பது குறள். பிறப்பு இவ்வளவுதான்.

திரைக்குத் தக அமைப்பதால் தகவமைப்பு என்பது எதிர்த்தரப்பு வாதம். கேட்க நன்றாகவே இருக்கிறது. ஆனால் அது உயிரியல் பாடத்துச் சொல். கள்ளியின் இலை முள்ளானது தகவமைப்பு. பாலைக்கேற்ப மாறியது அந்தச் செடியினமேதான். கல்கி 1950 முதல் 1954 வரை எழுதிய ஐந்து பாகங்களில் எந்த எழுத்து மாறிற்று? மணிரத்னம் 2022, 2023 ஆண்டுகளில் இரண்டு படங்களாக எடுத்தது வேறொரு பொருள். மணிமேகலை பாத்திரத்தையே விட்டுவிட்டார். நாவலில் சேந்தன் அமுதன்தான் உண்மையான மதுராந்தகன், முடிசூடுபவனும் அவனே. படத்தில் அந்த முடிச்சே கிடையாது. இவற்றையெல்லாம் ஒருவர் உட்கார்ந்து தீர்மானித்தார். கள்ளிக்கு யாரும் தீர்மானிக்கவில்லை.

வினையாக்கிப் பாருங்கள். 'நாவலைத் தழுவி எடுத்த படம்' என்று டீக்கடையில்கூடச் சொல்வார்கள். 'நாவலைத் தகவமைத்து எடுத்த படம்' என்று மொழிபெயர்ப்பாளரே வீட்டில் பேசமாட்டார்.

தழுவல் என்றாலே திருட்டு வாடை வருகிறதாம். பிறமொழிப் படத்தைச் சொல்லாமல் எடுத்துவிட்டு, மாட்டிக்கொண்டதும் 'தழுவல்' என்று சமாளித்தவர்கள் செய்த வேலை அது. ஆங்கிலக் கதையொன்றைத் தழுவி 1891இல் மனோன்மணீயம் வெளியிட்ட சுந்தரம் பிள்ளை அதை மறைக்கவில்லை. சொல்லின்மேல் குற்றமில்லை.

திரையாக்கம்? தவறில்லை, ஆனால் மூலம் ஒன்று உண்டு என்பதை அது சொல்லாமல் விடுகிறது.

பின் ஏன் வழிநூல், அதாவது முன்னோர் நூலின் வழியில் எழுந்த நூல், என்றே சொல்லக்கூடாது என்பார் புலவர். தொகுத்தல், விரித்தல், தொகைவிரி, மொழிபெயர்ப்பு எனத் தொல்காப்பியம் வழிநூலை நால்வகையாக்குகிறது. ஐந்து பாகம் இரண்டு படமானது தொகுத்தல்தானே. ஆனால் நன்னூலார் வழிநூலுக்கு முன்னோர் நூலோடு 'முடிபொருங்கு ஒத்தல்', அதாவது முடிவு முழுவதும் ஒத்திருத்தல், வேண்டும் என்கிறார். சேந்தன் அமுதனுக்கு முடியே தராத படம் அந்த இடத்தில் தேறாது.