அந்தப் பெயரில் நான் எதுவும் வாங்கவில்லையே!

வங்கியின் கார்டு புகார்ப் பிரிவில், ஒருநாள் காலை என் மேசைக்கு எதிரே ஒரு தம்பதி வந்து அமர்ந்தார்கள். அந்த அம்மாளின் கையில் அச்சிட்டு எடுத்து வந்த மாதக் கணக்கு அறிக்கை. ஒரு வரியின் கீழே பேனாவால் இரண்டு முறை கோடு இழுத்திருந்தார். இரண்டாவது கோட்டில் தாள் கிழிந்திருந்தது. "இந்தப் பெயரில் எனக்கு ஒரு கடையும் தெரியாது. இந்த ஊருக்கு நான் போனதே இல்லை" என்றார். கணவர் வாய் திறக்கவில்லை. வீட்டிலேயே இதைப் பற்றி வேண்டிய மட்டும் பேசித் தீர்த்துவிட்டு வந்திருக்கிறார்கள் என்று முகங்களைப் பார்த்தாலே தெரிந்தது.

பரிவர்த்தனையின் உள்விவரங்களைத் திறந்தேன். கார்டைத் தொட்டுக் காட்டிச் செலுத்திய பணம். கார்டைப் படித்த கருவியின் வகை, ஆள் இல்லாத இயந்திரம். "இது கடை இல்லை அம்மா. ஏதோ ஓர் இயந்திரத்தில் கார்டைக் காட்டியிருக்கிறீர்கள். அறிக்கையில் இருக்கும் தேதிக்கு இரண்டு நாள் முன்னால், நள்ளிரவு தாண்டி" என்றேன். அவர் என்னையே சற்று நேரம் பார்த்தார். பிறகு கணவர் பக்கம் திரும்பி, "அப்பாவை ஆஸ்பத்திரியில் சேர்த்த ராத்திரி" என்றார். போனில் சார்ஜ் தீர்ந்துபோய், வரவேற்பறை ஓரத்தில் நின்ற தானியங்கி இயந்திரத்தில் ஒரு சார்ஜர் வயர் வாங்கியிருக்கிறார். அந்த இரவில் அது எப்படி நினைவில் நிற்கும்?

கியோஸ்க் எனப்படும் இந்த ஆளில்லா விற்பனை இயந்திரங்கள் தொடர்பாக வரும் புகார்களில் இப்படி முடிகிறவை ஏராளம். மனிதர்களின் மறதியைக் குறை சொல்லிப் பயனில்லை. அறிக்கையின் வரி எழுதப்படும் முறையே அப்படி. இயந்திரம் நிற்கும் இடம் ஒருவருடையது, இயந்திரம் இன்னொருவருடையது. பணம் போவது இயந்திரத்துக்குச் சொந்தமான நிறுவனத்துக்கு. ஆகவே அறிக்கையில் வருவதும் அந்த நிறுவனத்தின் பதிவுப் பெயர்தான். நீங்கள் இயந்திரத்தின் முகப்பில் பார்த்த வண்ணப் பெயர் அதில் இருக்காது. ஊர் என்ற இடத்திலும் பல நேரங்களில் அதன் தலைமை அலுவலகம் இருக்கும் ஊரே வரும். பெயருக்கு விசாவில் 25 எழுத்து, மாஸ்டர்கார்டில் 22 எழுத்துதான் இடம், அதற்குமேல் நறுக்கப்பட்டுவிடும். பெயரின் நடுவே நட்சத்திரக் குறி இருந்தால், அதற்கு முன்னால் இருப்பது பெரும்பாலும் பணத்தை வாங்கிக் கொடுக்கும் நிறுவனம். உங்களிடம் விற்றவர் நட்சத்திரத்துக்குப் பின்னால் இருக்கிறார்.

தேதியும் ஏமாற்றும். நிலத்தடித் தளத்தில் சிக்னல் கிடைக்காமல் நிற்கும் இயந்திரம், விற்பனைகளைச் சேர்த்து வைத்துப் பிறகு மொத்தமாக அனுப்பும். தொகையும் ஏமாற்றலாம். சில இயந்திரங்கள் நீங்கள் பொருளைத் தேர்ந்தெடுக்கும் முன்பே ஒரு பெரிய தொகைக்கு வங்கியிடம் ஒப்புதல் வாங்கி வைத்துக்கொள்கின்றன. 'நிலுவையில்' என்று வங்கிச் செயலியில் தெரிவது அதுதான். சில நாட்களில் அது விழுந்துபோய் உண்மையான விலை மட்டும் நிற்கும். நிலுவையில் இருக்கும் தொகைக்குப் பொதுவாக வங்கியால் புகார் பதிய முடியாது. அதற்காகவே தினமும் போன் செய்து மனம் நொந்துபோகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். அவர்களை நினைத்துத்தான் இதைச் சொல்கிறேன்.

இன்னொன்று, பலரைக் கலங்கடிப்பது. போனைக் காட்டிப் பணம் செலுத்தினால், ரசீதில் அச்சாகும் கடைசி நான்கு இலக்கங்கள் உங்கள் கார்டில் உள்ளவையாக இருக்காது. கார்டு எண்ணுக்குப் பதிலாகப் போனில் வேறோர் எண்ணை வைத்திருக்கிறார்கள். அதுதான் ரசீதில் வரும். 'இது என் கார்டே இல்லை' என்று ரசீதைத் தூக்கி எறிந்துவிட்டு வருகிறவர்கள், தங்களிடம் இருந்த ஒரே சான்றை எறிந்துவிட்டு வருகிறார்கள். ரசீது இல்லையென்றால் மின்னஞ்சலில் அந்தத் தொகையைப் பைசா பிசகாமல் போட்டுத் தேடுங்கள். அதே கணக்கில் கூடுதல் கார்டு வைத்திருக்கும் வீட்டாரிடம் கேளுங்கள், ஆனால் குற்றவாளியை விசாரிப்பதுபோல் வேண்டாம்.

தேடியும் பிடிபடவில்லை என்றால் வங்கியை அழையுங்கள். கார்டின் பின்புறம் அச்சாகியிருக்கும் எண்ணில் மட்டும். இணையத்தில் அந்த நிறுவனத்தின் பெயரைத் தேடி, முதலில் கண்ணில் படும் 'வாடிக்கையாளர் சேவை' எண்ணை அழைத்து, ஓடிபியைச் சொல்லி, இருந்ததையும் இழந்தவர்கள் உண்டு. வங்கியிடம் கேட்க வேண்டிய முதல் கேள்வி இது: கார்டு எப்படிப் பயன்பட்டது? சிப்பைச் செருகியா, தொட்டுக் காட்டியா, காந்தப் பட்டையைத் தேய்த்தா, கார்டு இல்லாமல் எண்ணை மட்டும் அடித்தா? இந்தத் தகவல் பரிவர்த்தனையோடு கூடவே வருகிறது. கார்டு உங்கள் பையில் இருக்க, எங்கோ காந்தப் பட்டை தேய்க்கப்பட்டிருந்தால் நகல் எடுத்திருக்கிறார்கள் என்று சந்தேகிக்கலாம். அடுத்து, வணிக வகைக் குறியீடு என்ன என்று கேளுங்கள். நான்கு இலக்க எண். என்ன மாதிரி வியாபாரம் என்பது அதிலிருந்து தெரியும்.

உண்மையான திருட்டும் இருக்கிறது. ரகசிய எண் (PIN) கேட்காத, கவனிக்க ஆளில்லாத இயந்திரம், திருடிய கார்டு வேலை செய்கிறதா என்று பார்க்கத் தோதான இடம். முதலில் ஒரு சிறு தொகை. அது போய்விட்டால் பெரிய தொகை. அதனால் 'சின்னத் தொகைதானே' என்று விட்டுவிடாதீர்கள். நீங்கள் செய்யவில்லை என்று உறுதியானால், தொகை எதுவானாலும் அந்த நிமிடமே கார்டை முடக்குங்கள்.

ஆனால் உறுதியாக வேண்டும். நான் மிகவும் வேண்டிக் கேட்டுக்கொள்வது இதைத்தான். 'நான் செய்யவே இல்லை', 'நான்தான் செய்தேன், பொருள் வரவில்லை', 'ஒரு முறை வாங்கினேன், இரண்டு முறை எடுத்துவிட்டார்கள்' – இவை மூன்றும் வெவ்வேறு புகார்கள். கார்டு நிறுவனங்களின் விதிகளில் தனித்தனிக் குறியீடுகள், தனித்தனிச் சான்றுகள். செயலியில் 'மோசடி' என்ற பொத்தான் முதலில் கண்ணில் படுகிறது. கோபத்தில் இருப்பவர் அதையே அழுத்துகிறார்.

அப்படி அழுத்திய ஒருவர் என்னிடம் வந்தார். இயந்திரத்தில் இயர்போன் வாங்கியிருக்கிறார். பெட்டி பாதி நகர்ந்து, சுருள் கம்பியில் மாட்டிக்கொண்டு கண்ணாடிக்குப் பின்னால் தொங்கியது. கண்ணாடியைத் தட்டிப் பார்த்துவிட்டு, அங்கேயே நின்று செயலியில் 'மோசடி' என்று பதிந்துவிட்டார். கார்டு முடங்கியது, புதிய எண் வந்தது, பழைய எண்ணை நம்பியிருந்த மாதாந்திரக் கட்டணங்கள் ஒவ்வொன்றாகத் தவறின. தற்காலிகமாக வரவு வைத்த பணத்தையும் வங்கி சில வாரங்களில் திரும்ப எடுத்துக்கொண்டது. இயந்திர நிறுவனம் பதிலாக அனுப்பியது ஒரே ஒரு தாள்: சிப் நேரில் படிக்கப்பட்டதற்கான பதிவு. மோசடி இல்லை என்பதற்கு அது போதும். அவர் பொய் சொல்லவில்லை, தவறான பெட்டியில் உண்மையைப் போட்டுவிட்டார். ஒரு பரிவர்த்தனைக்கு இரண்டாவது முறை வேறு காரணம் சொல்லிப் புகார் செய்வது பெரும்பாலும் நடக்காது.

வாடகை பவர் பேங்க் இயந்திரங்களில் இந்தக் கவனம் இன்னும் அதிகம் வேண்டும். பவர் பேங்கைத் திருப்பிச் செருகுகிறீர்கள், பூட்டு சரியாக விழவில்லை, வாடகை ஓடிக்கொண்டே இருக்கிறது. கடைசியில் நீங்களே அதை வாங்கிவிட்டதாக முழு விலையும் எடுக்கப்படுகிறது. செருகிய கையோடு துளையையும் இயந்திர எண்ணையும் சேர்த்து ஒரு படம் எடுத்துக்கொண்டால், பின்னால் வாதாட வேண்டியதே இல்லை.

கெடுவைத் தவறவிடாதீர்கள். கார்டு நிறுவனங்களின் விதிப்படி பெரும்பாலான புகார் வகைகளுக்கு 120 நாள் என்றாலும், உங்கள் பாதுகாப்பைத் தீர்மானிக்கும் சட்டக்கெடு அதைவிடக் குறைவாக இருக்கலாம். அமெரிக்காவின் 1974-ஆம் ஆண்டுச் சட்டம் கிரெடிட் கார்டு அறிக்கை அனுப்பப்பட்டதிலிருந்து 60 நாள் தருகிறது. இந்திய ரிசர்வ் வங்கியின் 2017 சுற்றறிக்கை, மூன்றாம் தரப்பு மோசடியைத் தகவல் கிடைத்த மூன்று வேலை நாட்களுக்குள் தெரிவித்தால் வாடிக்கையாளருக்கு இழப்பே இல்லை என்று வகுத்தது. எங்கிருந்தாலும் போனில் சொன்னதோடு நிறுத்தாமல் எழுத்திலும் கொடுத்துப் புகார் எண்ணை வாங்கி வையுங்கள். நிறுவனத்திடம் பணம் திரும்பக் கேட்டு அவர்கள் சம்மதித்துவிட்டால், அது வரும்வரை வங்கியில் தனிப் புகார் தொடுக்காதீர்கள், கெடு நெருங்கினாலொழிய. இரண்டு பக்கமும் பணம் வந்தால் சிக்கல் உங்கள் தலையில்தான் விழும்.

இயர்போன் வாங்கியவரிடம், "இயந்திரத்தில் ஒட்டியிருந்த ஸ்டிக்கரைப் படம் எடுத்தீர்களா?" என்று கேட்டேன். மாட்டிக்கொண்ட பெட்டியை நண்பருக்கு அனுப்ப எடுத்த படத்தின் ஓரத்தில் அது இருந்தது. பெரிதாக்கினால் இயந்திர எண்ணைப் படிக்க முடிந்தது. அந்த எண், தேதி, நேரம், 'பொருள் கீழே விழவில்லை' என்ற ஒரு வரி – இவ்வளவையும் எழுதி நேராக அந்த நிறுவனத்துக்கு அனுப்பச் சொன்னேன். பொருள் விழுந்ததா என்று பார்க்கும் உணரி அந்த இயந்திரத்தில் இருந்திருக்கிறது. பதிவைச் சரிபார்த்துவிட்டுப் பதினோராம் நாள் பணத்தைத் திருப்பிவிட்டார்கள்.