பிராங்கியெக்டேசிஸ்: மூச்சுக்கிளைக்குழல் நிலைவிரிவு

மாதக்கணக்கில் சளி இருமலோடு அவதிப்படும் நாயின் மார்பு எக்ஸ்-ரே அறிக்கையில் 'பிராங்கியெக்டேசிஸ்' என்ற சொல் தட்டுப்படலாம். இது கிரேக்க வேர்களிலிருந்து வந்தது. 'பிராங்கோஸ்' என்றால் மூச்சுக்குழல். 'எக்டாசிஸ்' என்றால் இழுபட்டு விரிதல். மனிதர்களிடம் காணும் இந்த நோயை 1819இல் விவரித்து எழுதியவர், ஸ்டெதாஸ்கோப்பை உருவாக்கிய பிரெஞ்சு மருத்துவர் ரெனே லென்னெக்.

அதே 'எக்டாசிஸ்', 'அட்டெலெக்டேசிஸ்' என்ற சொல்லிலும் இருக்கிறது. நுரையீரலின் ஒரு பகுதி முழுதாக விரியாமல் ஒடுங்கிக் கிடப்பதை அது குறிக்கும். ஒரே அறிக்கையில் இரண்டும் இடம்பெறக்கூடும் என்பதால் வேறுபாட்டைத் தெரிந்துகொள்வது நல்லது.

பிராங்கியெக்டேசிஸில், மூச்சுக்குழலிலிருந்து நுரையீரலுக்குள் பிரியும் கிளைக்குழலின் சுவர் நெடுநாள் அழற்சியால் சிதைகிறது. மீள்திறனை இழந்த சுவர் அகன்று, அப்படியே நின்றுவிடுகிறது. சளியை மேலே தள்ளும் நுண்மயிர்களும் பாழாவதால் சளி தேங்குகிறது. தேங்கிய சளியில் பாக்டீரியா பெருகுகிறது. அதனால் அழற்சி கூடிச் சுவர் மேலும் சிதைகிறது. காக்கர் ஸ்பானியல் இன நாய்களிடம் இது கூடுதலாகக் காணப்படுகிறது. பிறவியிலேயே நுண்மயிர்கள் சரியாக அசையாத நாய்களுக்கு இளவயதிலேயே வரும். அவற்றில் சிலவற்றுக்கு இதயம் வலப்பக்கம் இருப்பதையும் எக்ஸ்-ரேயில் பார்க்கலாம்.

நாய் பெரும்பாலும் சளியைத் துப்புவதில்லை, விழுங்கிவிடுகிறது. இருமலின் முடிவில் அது ஓங்கரிப்பதைப் பார்த்துத் தொண்டையில் எலும்பு சிக்கிவிட்டதாக எண்ணுவோர் பலர்.

எக்ஸ்-ரேயில் என்ன தெரியும்? நலமான நுரையீரலில் கிளைக்குழல்கள் மரக்கிளைபோல் ஓரத்தை நோக்கிப் போகப்போக மெலியும். நோயுற்ற குழல் மெலியாமல் ஒரே அகலத்தில் ஓடும், அல்லது பைபோல் உப்பியிருக்கும். தடித்த சுவர்கள் பக்கவாட்டில் இரண்டு இணைகோடுகளாகவும், குறுக்கு வாக்கில் வளையங்களாகவும் விழும். ஆனால் கோடும் வளையமும் சாதாரண நாட்பட்ட மூச்சுக்குழல் அழற்சியிலும் உண்டு. குழல் மெலியாமல் போவதுதான் இங்கே உண்மையான தடயம். மூச்சை வெளியே விடும் நொடியில் எடுத்த படத்தில் நலமான நுரையீரலும் வெளுத்துத் தெரியும் என்பதால், நாய் மூச்சை உள்ளிழுக்கும்போது படம் எடுக்க வேண்டும். தொடக்க நிலை நோய் எக்ஸ்-ரேக்கு அகப்படாமல் தப்பிவிடும். படம் சுத்தமாக இருக்கிறது என்பதற்காக நோய் இல்லை என்று தீர்மானிப்பது பிழை. சி.டி. ஸ்கேனில் குழலின் அகலத்தை அதனருகே ஓடும் தமனியோடு ஒப்பிடுகிறார்கள். நாயில் அது தமனியைப்போல் 2 மடங்குக்கு மேல் இருந்தால் ஐயம் வலுக்கிறது.

தமிழில் என்ன சொல்வது? 'மூச்சுக்குழாய் விரிவு' என்பது எளிது. ஆனால் மருந்து கொடுத்து இறுகிய குழலைத் தற்காலிகமாகத் தளர்த்துவதையும் 'விரிவு' என்றே சொல்கிறோம். அது நல்லது, இது நோய். 'அகற்சி' பொருளால் பொருந்தினாலும், ஓரெழுத்து மாறினால் 'அழற்சி' ஆகிவிடும். மருத்துவச் சீட்டில் அந்த ஆபத்து வேண்டாம். எனவே 'மூச்சுக்கிளைக்குழல் நிலைவிரிவு' என்பதையே நான் பரிந்துரைக்கிறேன். 'நிலை' என்ற முன்னொட்டு நோயின் தன்மையையே சொல்லிவிடுகிறது: விரிந்தது பழைய நிலைக்குத் திரும்பாது.

ஆகவே சிகிச்சையின் நோக்கம் சளியை வெளியேற்றுவதும் தொற்றை அடக்குவதும்தான். நெபுலைசரால் ஈரப்பதமான காற்றைக் கொடுத்த பிறகு, உள்ளங்கையைக் குவித்து நாயின் மார்பின் இருபுறமும் மெல்லத் தட்டிச் சளியை இளக்குகிறார்கள். சளியைப் பரிசோதித்து, அதில் வளரும் பாக்டீரியாவுக்கு ஏற்ற ஆன்டிபயாடிக்கைத் தேர்ந்தெடுப்பார் மருத்துவர். இருமலை அடக்கும் மருந்தை வீட்டாராகவே கொடுக்கக்கூடாது. இருமல் நின்றால் சளி உள்ளேயே தங்கிவிடும்.